மூன்றாவது கூடை

சூடு ஆறுவதற்குள் சாப்பிடுங்கள், வெர்னா. ஆப்பிள் பைக்கு மாவு பிசையும்போது ஒரு தேக்கரண்டி வினிகர் விட்டால்தான் இந்த மொறுமொறுப்பு வரும். அண்ணனைப் பார்க்க நெப்ராஸ்காவிலிருந்து சான் பிரான்சிஸ்கோ வரை இரண்டு நாள் பஸ்ஸில் வந்திருக்கிறீர்கள். நானோ கதவைத் திறந்த கையோடு அவன் ஜூன் மாதமே இறந்துபோய்விட்டான் என்று சொல்லிவிட்டேன். அக்டோபரில் அவன் எழுதிய கடிதம் உங்கள் கையில் இருக்கிறது. நீங்கள் என்னை இப்படிப் பார்ப்பது நியாயம்தான். வரிசையாகச் சொல்கிறேன்.

உங்களுக்கு அவன் ஓரின். இந்த ஊருக்கு டெக்ஸ் மெரிடியன். ஆணும் ஆணும் கூடுகிற, பெரியவர்களுக்கு மட்டுமான படங்கள். எழுபத்தொன்றாம் வருஷம் அவற்றில் நடித்தவர்கள் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொள்வார்கள். இல்லையென்றால் கறுப்புக் கண்ணாடி, ஒட்டுமீசை. நேராகக் கேமராவைப் பார்த்துச் சிரித்த முதல் ஆள் உங்கள் அண்ணன்தான். போஸ்டரிலும் முகத்தைப் போடச் சொன்னான். முதல் காட்சிக்கு ஆட்கள் கல்யாணத்துக்கு வருவதுபோல் டை கட்டிக்கொண்டு வந்தார்கள். பாதியில் புரொஜெக்டர் மக்கர் செய்ய, இவன் மேடையேறிவிட்டான்.

"டேய் டெக்ஸு, டெக்சாஸ்ல எந்த ஊருடா நீ?" என்று முடிதிருத்துகிற சால் பின்வரிசையிலிருந்து கத்தினான்.

"டெக்சாஸை மேப்புலதான் பாத்திருக்கேன். மஞ்சக் கலர்ல இருக்கும்."

கொட்டகையே குலுங்கியது. வெளியே வரும்போது நரைத்த மனிதர் ஒருவர் அவன் கையைப் பிடித்துக்கொண்டு, "இத்தனை வருஷத்துல நம்மளை மாதிரி ஒருத்தன் தலை நிமிந்து சிரிச்சு இப்பத்தான்யா பாக்குறேன்" என்றார். எனக்குப் பெருமை தாங்கவில்லை. அப்போதே நாங்கள் ஒரே வீட்டில்தான் இருந்தோம்.

என் வேலை கடிதங்கள். ரசிகர்கள் கூப்பிட்டுத் தொல்லை கொடுத்ததால் போன் நம்பரை யாருக்கும் தருவதில்லை. தபால்பெட்டிச் சாவி என்னிடம். வியாழக்கிழமைதோறும் இந்தச் சமையலறை மேஜையில் மூட்டையை அவிழ்ப்பேன். முதல் கூடை ரசிகர்களுக்கு. இரண்டாவது வசைகளுக்கு, அவற்றை அவன் கண்ணில் காட்டமாட்டேன். மூன்றாவது கூடையை அவனே வாங்கி வந்து வைத்தான், வீட்டுக் கடிதங்களுக்கென்று. படங்களில் கையெழுத்துப் போடுவதும் நான்தான். அவன் கையெழுத்து அவனைவிட எனக்கு அழகாக வரும் என்று படக்கம்பெனியில் கேலி செய்வார்கள்.

எழுபத்து நாலில் அவன் உங்கள் அம்மாவுக்கு எல்லாவற்றையும் எழுதினான். ஒளிவுமறைவில்லாத கடிதம். நான்தான் தபாலில் சேர்த்தேன். சேர்க்காமல் விடுகிற ஆள் நானில்லை. "அம்மா வான்னு ஒரு வார்த்தை எழுதட்டும், நடிப்பை மூட்டை கட்டிட்டு ஊருக்குப் போயிடுவேன். நாத்துப்பண்ணை வைக்கிறேன், பாரு" என்றான். அவனுக்கு நாற்றும் தெரியாது, களையும் தெரியாது.

பன்னிரண்டாம் நாள் பதில் வந்தது. அப்பா இன்னும் பேசவில்லை, பேசுவார்; ஈஸ்டருக்கு வா; உன்னோடு இருக்கிற அந்த ஹோமரையும் கூட்டி வா என்று எழுதியிருந்தார்கள். அடியில் ஆப்பிள் பைக்குப் பக்குவம். நல்ல மனுஷி. என் கண் கலங்கிவிட்டது.

ஆனால் அந்த வாரம் ஒரு படப்பிடிப்பு பாதியில் இருந்தது. படம் முடியட்டும், கொடுக்கலாம் என்று எடுத்து வைத்தேன். பதில் போடாமல் ஒரு தாயைக் காக்க வைப்பது சரியில்லை, இல்லையா? அதனால் நானே அவன் எழுத்தில் நாலு வரி எழுதினேன்: வேலை அதிகம், இப்போது வர முடியாது, அன்பு முத்தங்கள். ஒரு கடிதம் போட்டால் அடுத்ததும் போடத்தானே வேண்டும்?

வியாழக்கிழமைகளில் காப்பிக் கோப்பையோடு வந்து எட்டிப் பார்ப்பான்.

"என்னடா ஹோமர், நெப்ராஸ்காலேருந்து?"

"ஒஹாயோலேருந்து ஒரு பல் டாக்டர் உன்னையே கட்டிக்கிறேங்கிறார். பல் செட் இலவசமாம்."

சிரிப்பான். பிறகு, "நான் எழுதிட்டேன், இனி அவங்க முறை" என்று சொல்லி காலியாகக் கிடக்கிற அந்த மூன்றாவது கூடையில் தூசி தட்டுவான். அவன் முகம் வாடுகிற நாட்களில் இந்த ஆப்பிள் பையைச் சுட்டு வைப்பேன். "எங்கம்மா செய்யுற மாதிரியே இருக்குடா, எப்படிடா?" என்று மூன்று துண்டு தின்பான். அவனுக்கு அம்மா கைச்சோறு கிடைக்காமல் நான் விட்டதே இல்லை.

உங்கள் பெட்டியில் இருக்கிற முப்பத்தொரு கடிதமும் நான் எழுதியவை, வெர்னா. உங்கள் கல்யாணத்துக்கு வந்த வாழ்த்தும்தான். அதைப் படித்துவிட்டு அழுததாக எழுதியிருந்தீர்கள். நானும் இரண்டு தடவை திருத்தி எழுதினேன்.

போன குளிர்காலத்தில் அவனுக்கு அந்த எய்ட்ஸ் நோய் வந்தது. எங்கள் தெருவில் வீட்டுக்கு ஒருவராவது அதில் போய்க்கொண்டிருந்த நேரம். அம்மாவோ புறப்பட்டு வருகிறேன் என்று எழுதியிருந்தார்கள். எழுபது வயசு, இடுப்புவலி, அவ்வளவு தூரம். மெக்சிகோவில் படப்பிடிப்பு, இப்போது வராதே என்று பதில் போட்டேன். ஜூனுக்குப் பிறகும் மூன்று எழுதினேன். மகன் இல்லை என்று ஒரு தாய்க்கு எழுத யாருக்கு மனசு வரும்? செப்டம்பரில் அவர்கள் பிறந்தநாளுக்குச் சால்வை அனுப்பினேன். பார்சலில் அனுப்புநர் இடத்தில் தபால்பெட்டி எண்ணுக்குப் பதிலாக இந்த வீட்டு முகவரியை எழுதிவிட்டேன். யோசித்துப் பார்த்தால் நான் செய்த ஒரே தவறு அதுதான்.

அவன் கடைசியில் அம்மாவைக் கேட்டானா என்கிறீர்கள். கேட்டான். "கூடையில ஒண்ணும் இல்லியா?" என்பான். இல்லை என்பேன். "அம்மாவுக்குக் கைவலி இருக்கும்டா, எழுத முடியாம இருக்கும்" என்று அவனே எனக்குச் சமாதானம் சொல்வான்.

ஆனால் அவன் தனியாகப் போகவில்லை. அதை அம்மாவிடம் கட்டாயம் சொல்லுங்கள். ஆஸ்பத்திரி அறைக்கதவு திறக்கும் ஒவ்வொரு தடவையும், எழ முடியாத அந்த உடம்போடு, தலையைத் தூக்கிப் பார்ப்பான். நான் உள்ளே வருவேன். "நீதானா" என்று சொல்லிவிட்டுத் தலையைத் தலையணையில் சாய்த்துக்கொள்வான். அந்த ஒரு சொல்லில் எவ்வளவு நிம்மதி தெரியுமா, வெர்னா?