சல்லடை இல்லாத தொட்டி

மரக்காணம் பஸ்ஸில் எனக்கு முன்சீட்டில் உப்பள மோட்டார் மெக்கானிக்குகள் இரண்டு பேர்.

“ஒரு பங்களாவுல, குளிக்கிற வெந்நீர்த் தொட்டிப்பா. மோட்டார் ஓடுது, தண்ணி வேகமா வரல. உறிஞ்சுற ஓட்டையில இருந்த சல்லடைய கழட்டி வீசிட்டேன். இப்ப பீய்ச்சி அடிக்குது,” என்றார் தாடிக்காரர்.

“சல்லடையவா?”

“உப்பு அடைச்சா அளத்துல அதானே செய்றோம்?”

“அளத்துல ஆளு உள்ள உக்காந்து குளிக்கிறாங்களா? தலைமுடிய உறிஞ்சுச்சுன்னா விடாதுப்பா. தலைய மேல தூக்கவே முடியாது.”

தாடிக்காரர் அவர் பக்கம் திரும்பினார். “பங்களாக்காரங்க பொண்ணுக்கு இடுப்பு வரைக்கும் முடி.”

“போன் போடு. மோட்டார நிறுத்தச் சொல்லு.”

அதற்குள் தாடிக்காரரின் செல்போனே அடித்தது. பார்த்தார். “பங்களாவுலருந்துதான். தண்ணி நல்லா வருதுன்னு சொல்லக் கூப்பிடுறாங்க போல.”

அடித்து ஓயும்வரை எடுக்காமல் கையிலேயே வைத்திருந்தார்.