குனிந்தால் வரும் சங்கீதம்

மன்னார்குடியிலிருந்து கிளம்பிய பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் இரண்டு பெண்கள். இருவருக்கும் அறுபதைத் தாண்டியிருக்கும். ஒருவர் கழுத்தில் சிலுவை, மற்றவர் நெற்றியில் குங்குமம்.

“உலகமே அழிஞ்சு போச்சு மேரிக்கா. ஒரே ஒரு பைபிள்தான் மிச்சம்,” என்றார் குங்குமம் வைத்தவர்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

“எங்கடி?”

“நேத்து டிவியில, தமிழ்ல பேசுற இங்கிலீஷ் படத்துல. அதைக் காப்பாத்த அவ்வளவு வெட்டுக்குத்து. அப்படியும் கடைசியில எரிஞ்சுடுது. எனக்கு அழுகையே வந்துடுச்சு.”

“நம்ம தெருவுலயும் ஒண்ணே ஒண்ணுதானே இருந்துச்சு. கூலியைக் கூட்டிக் கேட்டோம்னு பண்ணையார் ஆளுங்க குடிசைங்களைக் கொளுத்துனப்ப அதுவும் எரிஞ்சுது. நாம யாரை வெட்டுனோம்? பைபிள்ல உள்ள சங்கீதத்தையெல்லாம் நடவுல பாடிப் பாடியே வச்சுக்கிட்டோம்.”

“ஆமாங்க்கா. வேதக்காரி இல்லாத எனக்கே மனப்பாடம்.”

“எங்க, இப்பச் சொல்லு.”

இரண்டு வரி சொன்னார். மூன்றாவது வரவில்லை. மேரிக்கும் வரவில்லை.

“நிமிந்து உக்காந்துகிட்டுக் கேட்டா எப்படிக்கா வரும்? குனிஞ்சு நாத்து நடுறப்பல்ல பாடுனது!”

இருவரும் சிரித்தார்கள். அதற்குள் அவர்கள் இறங்கும் ஊர் வந்துவிட்டது. சீட்டுக்கு அடியில் இருந்த பையை எடுக்கக் குங்குமக்காரர் குனிந்தார். அங்கிருந்தே, ராகத்தோடு, மூன்றாவது வரி வந்தது.

மேரி சட்டென்று தானும் குனிந்து நான்காவது வரியை எடுத்தார்.

பஸ் நின்றுகொண்டிருந்தது. விசிலை வாயில் வைத்த கண்டக்டர் ஊதவே இல்லை.