செவ்வாயில் ஓர் ஈ

முதலில் ஈக்களைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், சார்ஜென்ட். கூபர் பீடி பாலைவனத்திலேயே இருக்கிற உங்களுக்கு ஈ ஒரு பொருட்டில்லை. நானோ விஞ்ஞானக் கதை எழுதிப் பிழைக்கிறவன். என் கதைகள் செவ்வாயில் நடக்கின்றன. அங்கே ஈ கிடையாது.

என் நாவலைப் படமாக்குகிறார்கள் என்றதும் அடிலெய்டில் கண்ணில் பட்டவர்களிடமெல்லாம் பீற்றிக்கொண்டேன். பல் டாக்டரிடம்கூட, வாயைத் திறந்து வைத்தபடியே. இங்கே வந்தால் இயக்குநர் எஃபி கராஸ் ஒரு மடக்கு நாற்காலியில் 'ஆலோசகர்' என்று ஒட்டி என்னை வெயிலில் உட்காரவைத்தாள். தன்னந்தனியாகச் சாக வேண்டிய என் வீரனுக்குத் துணையாக ஒரு நாயைச் சேர்த்திருந்தார்கள். அதையும் பொறுத்துக்கொண்டேன்.

அவர்கள் கைவைக்காமல் மிஞ்சியது ஒரே காட்சி. காற்றுத் தீர்ந்த வீரன் தலைக்கவசத்தின் கண்ணாடியை இரண்டு முறை தட்டிவிட்டு அடங்கிப்போவான். நான் எழுதியதில் உருப்படியானது அது ஒன்றுதான். என்னை விட்டுப்போன மனைவியே அதை ஒப்புக்கொண்டிருக்கிறாள்.

அதைப் படமாக்கும்போது நடிகன் கலம் டூலியின் கண்ணாடிக்குள் ஓர் ஈ நிதானமாக நடந்துபோனது. கவசத்தின் பின்னால் மூச்சுக்காக விட்டிருந்த ஓட்டைகள் வழியாக நுழைந்திருக்கிறது.

"ஒரு ஈதானே ரஸ்ஸல், கம்ப்யூட்டர்ல அழிச்சுக்கலாம் விடுங்க" என்றாள் எஃபி.

கலம் சிரித்தான். "என்ன பெருசு, உங்க கதையில நான் மூச்சு விடுறதே குத்தமா?"

நல்ல பையன். சாப்பாட்டு வேளையில் என் பக்கத்தில் வந்து உட்காருகிறவன் அவன் ஒருவன்தான். அன்று நான் சாப்பிடப் போகவில்லை. கறுப்பு நாடாவால் அந்த ஓட்டைகளை ஒட்டிக்கொண்டிருந்தேன். ஓர் ஆணியைக்கூட ஒழுங்காக அடிக்கத் தெரியாத நான், அதை மட்டும் வெகு சுத்தமாக ஒட்டினேன்.

ஈக்காகத்தான். அப்படியே எழுதிக்கொள்ளுங்கள்.

மறுபடி கேமரா ஓடியது. கலம் தள்ளாடி விழுந்து, இரண்டு முறை தட்டினான். எஃபி வாயில் கை வைத்து நின்றாள், அவ்வளவு அருமை. அந்தக் கனத்த கையுறையோடு கவசத்தை அவனே கழற்ற முடியாது என்பது எல்லோருக்கும் தெரியும். ஓட்டை அடைபட்டது எனக்கு மட்டும்தான் தெரியும்.

பிறகு, என்னைப் பார்த்து மூன்றாவது முறை தட்டினான்.

மற்றவர்கள் நடிப்பென்று நினைத்தார்கள். நான் நினைக்கவில்லை. ஆனால் ஆலோசகர் படப்பிடிப்பில் குறுக்கிடக் கூடாது என்று முதல் நாளே சொல்லியிருந்தார்கள். நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை.

நான்தான் கொன்றேன், மறுக்கவில்லை. எஃபியிடம் ஒன்று மட்டும் சொல்லிவிடுங்கள். அந்த மூன்றாவது தட்டை வெட்டிவிடட்டும். அது நாவலில் இல்லை.