சைமா அறுத்த வாசல்

விழாத் தலைவர் அவர்களே! நரைத்தாலும் நடை தளராத பெரியோர்களே! விடிந்ததிலிருந்து காபிக் கெட்டிலோடு மல்லுக்கட்டும் தாய்மார்களே! எல்லாரும் சௌக்கியமா? கொசு கொஞ்சமாவது மிச்சம் வைத்திருக்கிறதா? கடைசி வரிசையில் யாரது, ஒய்வா பெரியவரா? முட்டி எப்படி இருக்கிறது?

"முட்டியும் இருக்கு, வலியும் இருக்கு. நீ கதைக்கு வாய்யா!"

வருகிறேன். என் பின்னால் நிற்கிற இந்த மரக்கட்டை வீட்டுக்கு இன்று ஐம்பது வயது. அதோ, வாசலில் கெட்டிலும் கையுமாக நிற்கிறாரே சைமா அம்மா, அவரும் அவர் கணவர் தாவெத்தியும் மினசோட்டாக் காட்டுக்கு வந்தபோது இங்கே என்ன இருந்தது? பைன் மரம் இருந்தது, பனி இருந்தது, பயம் இருந்தது! நம் தாய்நாட்டு வழக்கப்படி முதலில் சவுனாவைக் கட்டினார்கள். நீராவியில் குளிக்கிற அந்தக் குடிலிலேயே ஒரு குளிர்காலம் குடியிருந்தார்கள். தாவெத்தி மரம் வெட்டும் முகாமுக்குப் போய்விட்டார். சைமா அம்மாவோ இன்னொரு மனித முகம் பாராமல், அடுப்போடு பேசி, ஆந்தையோடு சண்டை போட்டு...

"ஆந்தைதான் ஜெயிச்சுது!" என்கிறார் வாசலிலிருந்து. கேட்டீர்களா?

கோடையில் வீடு எழுந்தது. நாமெல்லாம் எப்படிக் கட்டுவோம்? நான்கு சுவரையும் முழுசாக எழுப்பிவிட்டு, அப்புறம்தானே வாசலை அறுப்போம்! சைமா அம்மா உள்ளே நின்று கட்டைகளின் இடுக்கில் காற்றுப் புகாமல் பாசி திணித்துக்கொண்டிருந்தார். தாவெத்தி வெளியே நின்று கடைசிக் கட்டையை ஏற்றிவிட்டு ரம்பத்தைத் தேடினார். ரம்பம் எங்கே? துளைப்பான் எங்கே? இரண்டும் உள்ளே, சைமா அம்மா கையில்!

"சைமா, ரம்பத்தைக் குடு. சவுனாப் பக்கம் வாசல் வைக்கணும்."

"மாட்டேன். கிழக்கால வைக்கிறேன்னு சொல்லுங்க."

"கிழக்கால என்னடி இருக்கு? வெறும் காடு!"

"நீங்க முகாமுக்குப் போயிடுவீங்க. நான் யார் மூஞ்சியப் பாக்குறது, அந்த ஆந்தையையா?"

தாவெத்தி சுவர்மேல் ஏறினார். "உள்ள குதிச்சீங்க, வாய் நிறைய பாசிதான்!" என்று கீழிருந்து வந்தது எச்சரிக்கை. குதிக்கவில்லை மனிதர். சுவர் உச்சியில் உட்கார்ந்து, உம்மென்ற முகத்தோடு கிழக்கே திரும்பினார். மரங்களுக்கு அப்பால் மெல்லிய புகை. ஓர் அடுப்பு. ஒரு வீடு.

"இதத்தான் சொன்னியா?"

"சுவரு ஏற ஏற அது மறைஞ்சுபோச்சுங்க."

தாவெத்தி கிழக்குச் சுவரைத் தட்டினார். "அறு!" என்றார். அறுத்தார் அம்மா!

அந்தப் புகை யார் வீட்டுப் புகை? எங்கள் வீட்டுப் புகை ஐயா, எங்கள் வீட்டுப் புகை! அந்தக் கோடையில்தான் என் அப்பாவும் அம்மாவும் அங்கே குடியேறியிருந்தார்கள். அடுத்து வந்த குளிர்காலத்தில் தினமும் காலையில் சைமா அம்மா கதவைத் திறப்பார், எங்கள் புகையைப் பார்ப்பார், காபி போடுவார். ஒருநாள் திறந்தார், புகை இல்லை. காபி போட்டாரா? கதவை மூடினாரா? இல்லை! பனிச்சறுக்குக் கட்டையை மாட்டிக்கொண்டு பறந்து வந்தார். அங்கே அணைந்த அடுப்பருகில், அப்பாவும் முகாமுக்குப் போயிருக்க, தனியாக, பிரசவ வலியில் என் அம்மா. அன்று சைமா அம்மாவின் கையில் பிறந்தது யார்?

"வேற யாரு, நீதான்!"

ஒய்வா, உமக்கு நூறு வயசு! பெருமக்களே, சுவர் கட்டினால் வீடு ஆகிவிடுமா? அடுத்தவன் அடுப்பு தெரிய வாசல் வைத்தால்தான் அது வீடு! எனக்குக் காதும் கொசுவுக்கு ரத்தமும் கொடுத்த உங்களுக்கு நன்றி, வணக்கம்! ஒன்றை மறந்துவிட்டேன், அந்த ரம்பம் இருக்கிறதே...

"டேய் வில்யோ! பொறந்தன்னிக்கு ஆரம்பிச்ச சத்தம், இன்னும் நிறுத்தலையா நீ? காபி ஆறுது, உள்ள வாடா!"

இதோ வந்துட்டேன்மா! அந்த ரம்பத்தைத் தாவெத்தி அன்றைக்கு அப்படியே—