குட்டன் கிடக்கும் இடம்

குளச்சல் திருக்கொச்சி மாநிலத்தில் இருந்த நாட்களில் ஒருநாள், குளச்சல் பஸ்ஸில் என் முன்சீட்டில் ஒரு கணவனும் மனைவியும் இருந்தார்கள்.

“செத்த நாயைக் குழிச்சிட்டது நீரு. பொறவு எதுக்கு ஓடிப்போச்சுன்னு உம்ம தங்கச்சிகிட்ட சொன்னீரு?”

“மெதுவாப் பேசு ஏட்டி. லாரியில அடிபட்டுச் செத்தத எப்படிச் சொல்ல? தாங்கமாட்டா.”

“இப்ப மட்டும் தாங்குதாளா? சோத்த வச்சுக்கிட்டு ரோட்டையே பாத்து நிக்கா.”

“கொஞ்சநாளு போனா மறந்திருவா.”

“கடலுக்குப் போன மாப்பிளைய மறந்தாளா? அவரு உடம்பு கரைக்கு வரல்ல. இன்னும் ஒவ்வொரு வள்ளம் வரும்போதும் எழும்பிப் பாக்கா. நாய்க்கும் அப்படிக் காத்திருக்க வைக்கணுமா?”

அவர் முகத்தைத் திருப்பி ரோட்டைப் பார்த்தார்.

குளச்சலில் இறங்கியபோது அந்தத் தங்கையே ஓடிவந்தாள்.

“அண்ணே, வார வழியில குட்டனக் கண்டியளா?”

மனைவி வாயைத் திறந்தாள். அவர் கையமர்த்தினார்.

“நான் பொய் சொல்லிட்டேன் மக்கா. குட்டன் செத்துப்போச்சு. எங்க வீட்டுத் தென்னமரத்து மூட்டுல குழிச்சிட்டிருக்கேன்.”

அவள் அழவில்லை. அவர் கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள்.

“அங்கதானே கெடக்கான்? நெசமாத்தானே?”

“நெசமாத்தான்.”

“அப்ப வாங்க, காட்டுங்க” என்று அவர் வீட்டுப் பக்கமாக அவருக்கு முன்னால் நடந்தாள்.