மூன்று வாயில் அரிசி: துப்பறியும் சப் இன்ஸ்பெக்டர் பிரம்மநாயகம் அவர்கள் பணி நிறைவு பெறும் நாளில்

“பாராட்டு மடல்ல யாராவது பிணத்தைக் கொண்டு வருவாளோ? அவர் ஆத்துல கண்ணாடி போட்டு மாட்டப் போறதுய்யா! நேர்மை, நாணயம்னு ரெண்டு வரி—”

“நேர்ம நாணயத்த எல்லாருக்குந்தான் எழுதுதிய. போன மாசம் ரிட்டயரான ஜமாதாருக்கும் அதத்தான—”

“நான் சொல்றதைக் கேளும். சுபகாரியத்துல காதறுத்த கதையெல்லாம் எதுக்கு?”

“அந்தக் காதுவ இல்லன்னா இந்த மாலை எதுக்கு, சாமி?”

ஐயா! தங்களுக்கான இம்மடல் பிறந்த விதம் இதுதான். ஒருபுறம் நம் காவல் நிலையத்துத் தலைமை எழுத்தர் சுந்தரராமன். மறுபுறம் தாங்கள் சென்ற இடமெல்லாம் நிழலாய் வந்த கான்ஸ்டபிள் இசக்கி. நடுவே, பெண் கைதிகளைக் காக்கும் சண்முகவடிவாகிய நான், பேனாவும் கையுமாக. மாதுங்காத் தமிழும் தாராவித் தமிழும் ஒரே மேசையில் மோதியதில் மைக்கூடு கவிழ்ந்தது, இசக்கி வென்றார்.

எனவே, பொருநைக் கரையில் பிறந்து பம்பாய்க் கரையில் புகழ் கண்ட பெருந்தகையே! அடிக்காமல் உண்மையை அறிந்த அருளாளரே! அஞ்சுவோர்க்கு ஆறுதலாய், அகப்பட்டோர்க்கு அண்ணனாய், அகப்படாதோர்க்கு மட்டும் அச்சமாய் விளங்கிய ஆற்றல் மிக்கவரே! வணக்கம்!

தங்கள் துப்புத்துலக்கும் முறையை இந்நகரம் வியந்ததுண்டு, நாங்களோ சிரித்ததுண்டு. பிணத்தின் அருகே அமர்ந்து, “தாயி, யாரு வந்தா? நீ கதவத் தொறந்துதான விட்ட?” என்று தாங்கள் கேட்பதை முதன்முதலாகக் கண்ட இசக்கி, மந்திரித்துத் தாயத்துக் கட்டிக்கொண்டு மறுநாள் வேலைக்கு வந்தார். “செத்தவ பேசுவாளாய்யா?” என்று அவர் கேட்டதற்கு, “உயிரோட இருக்கவன் பேசுறது பூரா பொய்யா இருக்கே, அதான் இங்க கேக்கேன்” என்றீர்களாம்.

யுத்தமும் ரேஷனும் ஊரை வாட்டிய அந்த ஆண்டில், தாராவித் தோல் கிடங்குகளை ஒட்டிய குடிசைகளில் மூன்று முதிய பெண்கள் அடுத்தடுத்துக் கொலையுண்டதை இங்கு யார் மறப்பார்? கழுத்தை நெரித்து, தொங்கிய தங்கப் பாம்படத்துக்காகக் காதுகளையே அறுத்தெடுத்த கொடுமை அது. மூன்றாமவள் பேராச்சி. கிடங்கு வாசலில் ஆப்பம் விற்றவள். சொந்தம் என்று சொல்ல ஒருவரும் இல்லாதவள். ஆப்பம் வாங்க அவள் குடிசைவரை போய், வாசலிலிருந்தே பிணத்தைக் கண்டு அலறிய தோல் தொழிலாளி முகைதீனை, இடுப்பில் கத்தி இருந்ததால், கூட்டம் பிடித்துக் கொடுத்தது. மூன்று கொலைக்கும் அவரே பொறுப்பு என்று மேலதிகாரி முடிவு கட்டினார். தூக்குக் கயிறு அவருக்கு மிக அருகில் வந்துவிட்டது.

அவர் மனைவி அக்தர் பானு நம் நிலைய வாசலைவிட்டு அகலவில்லை. “அய்யா, எங்க ஆளு கத்தி ஆட்டுத் தோலத்தான் அறுக்கும். கோழி அறுக்கக்கூட என்னையத்தான் கூப்பிடுவாக” என்று அவர் கதறியது எங்கள் செவிகளில் இன்றும் ஒலிக்கிறது. தாங்கள் மேலதிகாரியுடன் இந்தியில் வாதாடியதை, இசக்கி எங்களுக்குத் தமிழில் நடித்துக் காட்டினார்.

“கத்தி இருந்திச்சு, பிணத்துக்கிட்ட நின்னான். இன்னும் என்ன வேணும்?”

“தோல் கிடங்குல கத்தி இல்லாத ஆளு யாரு, சாப்? மூணு பேரு வாயிலயும் பச்சரிசி கெடந்திச்சே, அதப் பாத்தியளா?”

“கிழவி மென்னிருப்பா. டாக்டரே அப்படித்தான் எழுதியிருக்கார்.”

“மொதக் கெழவிக்குப் பல்லே கெடையாது, சாப்! கியூவுல நின்னு வாங்குன அரிசி. திருட வந்தவன் அத அள்ளிட்டுல்லா போவான்? இது வாய்க்கரிசி. எங்க ஊர்ல சொந்தக்காரந்தான் போடுவான். கொன்னதும் சொந்தக்காரந்தான்.”

அன்று தங்களை நம்பியவர் எவருமில்லை. முதல் இருவருக்கும் பொதுவான உறவு யார் என்று குடிசை குடிசையாக விசாரித்தீர்கள். ஒருத்தியை அத்தை என்றும் மற்றவளைச் சித்தி என்றும் அழைத்துவந்த பிச்சையா, சோற்றுத் தட்டின் முன் உட்கார்ந்திருந்தான். எதிரே அமர்ந்தீர்கள். அதட்டவில்லை, அடிக்கவில்லை.

“வாய்க்கரிசி போட்ட கையால அள்ளுத சோறு உள்ள எறங்குதாலே?”

தட்டு உருண்டது. “போடலன்னா பின்னாடியே வந்துருவாளுவ, ஐயா!” என்று அவன் கதறினான். மூன்று பேரின் பாம்படங்களும் தோல் ஊறும் சுண்ணாம்புத் தொட்டிக்குள்ளிருந்து வெளிவந்தன. முகைதீன் வீடு திரும்பினார். இதோ, கணவரும் மனைவியும் இம்மன்றத்தில் முன்வரிசையில் அமர்ந்திருக்கிறார்கள். தங்கள் கழுத்தில் விழுந்த முதல் மாலை அவர்கள் தொடுத்தது.

வெற்றி கண்ட வீரரே! ஆயினும் தாங்கள் அதன்பின் உறங்கினீர்களா? காலையில் சிவந்த கண்களோடு வருவீர்கள். தேநீரை நீட்டினால், “கண்ண மூடுனா மூணு பேரும் காதத் தடவிக்கிட்டு நிக்காளுவ, சண்முகவடிவு. ரெண்டு பேரு அழுவுதாளுவ. பேராச்சி மட்டும் சிரிக்கா” என்பீர்கள். அவள் ஏன் சிரிக்கிறாள் என்று கேட்டால் கோப்பையைக் கீழே வைத்துவிட்டுப் போய்விடுவீர்கள்.

தங்கள் கோட்டின் இடப்பையில் எப்போதும் கொஞ்சம் பச்சரிசி இருப்பதை நாங்கள் அறிவோம். துறைமுகத்தில் கப்பல் வெடித்துச் சிதறியபோது கிடத்தப்பட்ட பெயர் தெரியாதவர்களிடமும், ரயிலடியில் நசுங்கிக் கேட்பாரற்றுக் கிடந்தவர்களிடமும், “எல்லாரும் கொஞ்சம் வெளிய நில்லுங்க” என்று சொல்லிவிட்டு, தாங்கள் தனியே என்ன செய்தீர்கள் என்பதையும் அறிவோம். அநாதைகளுக்கு உறவான அன்புருவே! எத்தனை பிள்ளைகளின் கடனைத் தாங்கள் ஒருவரே தீர்த்தீர்கள்!

இனியேனும் தங்கள் கண்கள் களைப்பாறுக! காலைத் தேநீர் ஆறுமுன் அருந்தும் அமைதி கிட்டுக! உடல் உறுதியும் உள்ளத் தெளிவும் குன்றாமல், பேரன் பேத்திகள் சூழப் பல்லாண்டு வாழ்க!

தங்களைப் பிரிய மனமில்லாத நிலைய ஊழியர்கள்,
சுந்தரராமன், இசக்கி, சண்முகவடிவு மற்றும் அனைவரும்.

கையெழுத்திடும் முன் இசக்கி இன்னும் ஒன்றைச் சேர்க்கச் சொன்னார். இம்முறை சுந்தரராமனும் தடுக்கவில்லை. பிச்சையா மூன்று கொலைகளையும் ஒப்புக்கொண்டான். ஆனால் சிறைக்குப் போகும் லாரியில் ஏறும்போது இசக்கியிடம், “பேராச்சி எனக்குச் சொந்தமில்லையே, அவளுக்கு நான் அரிசி போடலையே” என்று சத்தியம் செய்தானாம். நம்மவரில் பேராச்சியின் குடிசைக்குள் முதலில் நுழைந்தவர் தாங்கள். அன்றும் இசக்கி வெளியேதான் நின்றார். இத்தனை ஆண்டுகளாக வாய்வரை வந்து திரும்பிய கேள்வி இது. அவர் சொன்னபடியே எழுதுகிறேன்:

“கோவிச்சுக்காதிய, ஐயா. பேராச்சி வாயில அந்த அரிசிய யாரு போட்டா?”