ரெண்டு மாமனும் ஒரு கம்ப்யூட்டரும்

ஒட்டுக்கேட்பதோடு நிறுத்தாமல், யோசனையும் சொல்லி வாங்கிக் கட்டிக்கொள்ளும் மடையன் நான். பாளையங்கோட்டை பஸ்ஸில், கல்யாணப் பெண்ணின் தகப்பனார் ஒருவர் முன்சீட்டில் இருந்துகொண்டு கூட்டாளியிடம் புலம்பினார்.

“மச்சினனுங்க ரெண்டு பேரும், ‘அவன் மண்டபத்துக்குள்ள போன பொறவுதான் நான் வருவேன்’ங்கானுவ. முந்திப் போனவன் தாழ்ந்தவனாம். மாமன் இல்லாம மக கழுத்துல மாலை ஏறுமா? முரண்பாட்டை அவுக்கதுக்குன்னே புதுசா ஒரு கம்ப்யூட்டர் வந்திருக்குல்லா, அதுகிட்ட கேட்டேன்.”

“என்னவே சொல்லிச்சு?”

“ரெண்டு பேரும் ஒண்ணா நுழையணுமாம்.”

“பெட்டியில கேள்வியைத் தட்டுனது யாரு?”

“பெரியவன் பொஞ்சாதிக்குத் தம்பி.”

“அதான பாத்தேன்! மண்டப வாசல் ஒடுக்கம். பெரியவன் தொந்தி இடிச்சு நிக்கும், ஒல்லிப்பய சின்னவன் முந்தி உள்ள போயிருவான்!”

எனக்கு வாய் நிற்கவில்லை. “ரெண்டு வாசல் உள்ள மண்டபமாகப் பார்க்கலாமே?” என்றேன்.

கூட்டாளி திரும்பி என்னை மேலும் கீழும் பார்த்தார்.

“நீரு எந்த மாமனுக்கு ஆளு வே?”